பழைய நம்பர், புது நம்பர்

தெரியாத ஆளைப் பார்த்தால் நம்ம நாட்டில் முதலில் வருகிற கேள்வி, "எந்த ஊரு?" பதில் சொன்னதும் அடுத்தது தயாராக இருக்கும்: "ஊர்ல எந்தப் பக்கம்?" கோயிலுக்கு மேற்கால, ஏரிக்குக் கீழால, ரோட்டைத் தாண்டி என்று நாம் எதைச் சொன்னாலும் கேட்டவன் மனசுக்குள் ஒரு வரைபடம் விரிந்துவிடும். அதில் நம்மை எங்கே வைப்பது, தண்ணீரை எந்தப் பாத்திரத்தில் கொடுப்பது என்பதெல்லாம் அவனுக்கு விளங்கிவிடும். இடத்தைக் கேட்பதுபோல் சாதியைக் கேட்கிற இந்தத் தந்திரத்துக்கு மாற்றாக வந்தது என்று நமக்குச் சொல்லித்தரப்பட்டது நில அளவை. ஊருக்கும் சேரிக்கும் ஒரே சங்கிலி, ஒரே மாதிரிக் கல், ஒரே வரிசையில் எண்கள். சர்வே நம்பருக்குச் சாதி கிடையாது. ஒரு நிலம் எங்கே கிடக்கிறது, எந்த வருஷம் யார் பேரில் இருந்தது என்பதை அந்த ஒரு நம்பரைப் பிடித்துக்கொண்டே சொல்லிவிடலாம். இடத்தையும் காலத்தையும் ஒரு பதிவேட்டுக்குள் மடித்து வைக்கிற ஏற்பாடு.

இந்த ஏற்பாட்டை ஒரு புனைவு என்று சொல்கிறேன். புனைவு என்றால் வெறும் பொய் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். எதைச் சேர்ப்பது, எதை விடுவது, எதற்கு என்ன பெயர் வைப்பது என்று சிலர் உட்கார்ந்து முடிவுசெய்து எழுதிய கதை. அந்தக் கதையின் எந்தப் பக்கத்தில் நம்ம நிலம் காணாமல் போகிறது என்பதைத் தாம்பரத்தைச் சுற்றியுள்ள மண்ணை வைத்தே பார்த்துவிடலாம். வேறெங்கும் போக வேண்டியதில்லை. ஏனென்றால் கதை தொடங்கியதே இங்கேதான்.

1802 ஏப்ரல் 10. பிரிட்டிஷ் அரசப் படையைச் சேர்ந்த வில்லியம் லாம்டன் பரங்கிமலை அடிவாரத்திலிருந்து தெற்கே பெரும்பாக்கம் மலை நோக்கி ஏழரை மைல் நீளத்துக்கு ஒரு நேர்க்கோட்டை அளக்கத் தொடங்கினார். 100 அடி நீளமுள்ள இரும்புச் சங்கிலி. வெயில் பட்டால் இரும்பு நீளும் என்பதால் அதை மரப்பெட்டிகளுக்குள் வைத்து, முக்காலிகள் மேல் ஏற்றி, பக்கத்தில் வெப்பமானி வைத்து அளந்தார்கள். 400 முறை அந்தச் சங்கிலி கிடத்தப்பட்டது, தூக்கப்பட்டது, மறுபடி கிடத்தப்பட்டது. சித்திரை வெயிலில். இன்றைக்கு அந்தக் கோட்டின் இருபுறமும் நங்கநல்லூர், மடிப்பாக்கம், கோவிலம்பாக்கம், மேடவாக்கம் என்று நெருக்கமாக வீடுகள். இந்தியாவின் மாபெரும் முக்கோண அளவை இந்தக் கோட்டின்மேல்தான் எழும்பியது. இதிலிருந்து முக்கோணம் மேல் முக்கோணமாக அடுக்கிக்கொண்டே போய், ஐம்பது வருஷத்தில் இமயமலைச் சிகரத்தின் உயரத்தையே கணக்குப் போட்டுவிட்டார்கள். லாம்டனின் பெயர் நிலைத்திருக்கிறது. சிகரத்தின் கணக்கைப் போட்ட ராதாநாத் சிக்தரைப் பற்றியும் இப்போது பேசுகிறார்கள், சந்தோஷம். அந்தச் சங்கிலியை 400 முறை தூக்கி வைத்த கைகள் யாருடையவை? பெரும்பாக்கம் வரைக்கும் முள் வெட்டி வழி திறந்தவர்கள் யார்? அளவைப் புத்தகங்களில் அவர்கள் கூலிகள், கொடிக்காரர்கள் என்று மொத்தமாக வந்துபோகிறார்கள்.

லாம்டனுக்கு முன்னாலேயே நுங்கம்பாக்கத்தில் வானாய்வுக்கூடம் வந்துவிட்டது. 1792ல் அங்கே ஒரு கருங்கல் தூணை நிறுத்தி, தமிழ், தெலுங்கு உட்படப் பல மொழிகளில் எழுத்து வெட்டினார்கள். கணித அறிவியல்களை ஆசியாவில் நட்டது பிரிட்டிஷ் தாராளம், அது எந்தக் காலத்தில் நடந்தது என்பது ஆயிரம் வருஷம் கழித்து வருகிறவர்களுக்கும் தெரியட்டும் என்பது அதன் சாரம். தாராளத்தைப் பாருங்கள்! அந்தக் கூடத்தில் கணக்கிட்ட நேரம் 'மெட்ராஸ் நேரம்' ஆனது. 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இந்தியாவெங்கும் ரயில்கள் இந்த நேரத்துக்குத்தான் ஓடின. 1906 ஜனவரி 1ல் இந்திய நேரம் வந்தபோது நம்ம கடிகாரம் ஏறக்குறைய 9 நிமிஷம் முன்னே தள்ளிவைக்கப்பட்டது. ஆக இந்த நாட்டுக்கு 'எங்கே' என்பதற்கான கோடும் 'எப்போது' என்பதற்கான மணியும் ஒருகாலத்தில் பரங்கிமலைக்கும் நுங்கம்பாக்கத்துக்கும் இடையில் இருந்தன.

அதற்கு முன்னால் இங்கே அளவே இல்லையா? தமிழ் எம்.ஏ. படித்தவன் என்ற முறையில் இதை மட்டும் சொல்லிவிடுகிறேன். 'நாழிகைவழி' என்று ஒரு சொல் உண்டு. ஒரு நாழிகை, அதாவது 24 நிமிஷம், நடந்தால் போய்ச் சேருகிற தூரம். 'கூப்பிடு தூரம்' என்று ஒன்று. இங்கே நின்று கூப்பிட்டால் அங்கே காதில் விழ வேண்டும். நடக்கிற காலும் கூப்பிடுகிற தொண்டையும்தான் அளவுகோல். தூரத்தையும் நேரத்தையும் பிரித்துப் பார்க்காத அளவு அது. இதைச் சொன்னதும் ஆகா, நம் முன்னோர் என்று ஒரு கூட்டம் கிளம்பிவிடும். கொஞ்சம் பொறுங்கள். கூப்பிடு தூரத்தில் சேரி இருந்தது ஏன்? கூப்பிட்டால் வேலைக்கு வந்து நிற்க வேண்டும், கூப்பிடாதபோது கண்ணில் படக்கூடாது. இரண்டுக்கும் தோதான தூரம் அது.

அந்தப் பழைய ஏற்பாட்டில் எல்லை என்பது ஓர் ஆளின் ஞாபகத்தில் இருந்தது. அந்த ஆள் பெரும்பாலும் வெட்டியான். ஏரித் தண்ணீரை மடை திருப்புவது, பயிர்க்காவல், சாவுச் செய்தி கொண்டுபோவது, பிணம் சுடுவது, இவற்றோடு ஊர் எல்லையை அறிந்து வைத்திருப்பதும் அவர் வேலை. இரண்டு ஊருக்கு நடுவே எல்லைத் தகராறு வந்தால் பறையர் ஒருவர் தலையில் நீர்க்குடம் ஏந்தி நடப்பார், அவர் நடந்த தடமே எல்லை என்று ஏற்றுக்கொள்வார்கள் என்று காலனிக்கால இனவரைவுப் பதிவுகள் சொல்கின்றன. யோசித்துப் பாருங்கள். ஊருக்குள் கால் வைக்க அனுமதி இல்லாதவர் கால் வைத்த இடம்தான் ஊரின் எல்லை! அந்த அறிவுக்குக் கூலியாகக் களத்தில் கொஞ்சம் நெல்லும் ஒரு துண்டு மானியமும். நிலத்தை முழுசாக அறிந்தவருக்கு நிலத்தில் பாத்தியதை கிடையாது.

1763ல் ஆற்காட்டு நவாப் செங்கல்பட்டுச் சீமையைக் கும்பினிக்கு ஜாகீராகக் கொடுத்தார். அதில் என்ன இருக்கிறது என்று பார்க்க, தாமஸ் பர்னார்டு என்பவர் 1767 முதல் 1774 வரை கிராமம் கிராமமாக அளந்தார். எத்தனை காணி, எத்தனை ஏரி, எந்தச் சாதிக்கு எத்தனை வீடு, விளைச்சலில் யாருக்கு எவ்வளவு பங்கு என்பதெல்லாம் அந்தக் கணக்கில் வருகிறது. பின்னாளில் தரம்பால் போன்றவர்கள் இதே கணக்குகளை எடுத்துவைத்துக்கொண்டு, வெள்ளைக்காரன் வருவதற்கு முன்னால் கிராமத்தில் எல்லோருக்கும் பங்கு இருந்தது, அது தன்னிறைவான சமுதாயம் என்று எழுதினார்கள். பங்கு இருந்தது வாஸ்தவம். மிராசுதாரருக்கு நிலமே பங்கு. வெட்டியானுக்குக் களத்தில் நெல் பங்கு. இரண்டையும் ஒரே சொல்லால் எழுதிவிட்டால் சமத்துவம் வந்துவிடுமா? 1818ல் மிராசு உரிமை பற்றிய கேள்விகளுக்கு எல்லிஸ் பதில் எழுதியபோது, தொண்டைமண்டலத்தில் பறையர் மிராசுதாரரின் அடிமைகளாக இருந்ததையும் சேர்த்துத்தான் எழுத வேண்டியிருந்தது. அடிமை முறைக்குச் சட்ட ஆதரவு இல்லை என்று ஆனது 1843ல்தான்.

1858ல் சென்னை மாகாணத்தில் முறையான வருவாய் நில அளவை தொடங்கியது. ஒவ்வொரு வயலுக்கும் ஒரு நம்பர், ஒவ்வொரு முனைக்கும் ஒரு கல், ஒவ்வொரு கிராமத்துக்கும் ஒரு படம், ஒரு பதிவேடு. சங்கிலி பிடிக்கவும் கல் சுமக்கவும் மறுபடி நம்ம ஆட்கள்தான். வெட்டியான் எல்லையைக் காட்டினார், கர்ணம் எழுதிக்கொண்டார். அன்றிலிருந்து எல்லை தெரிந்த ஆள் கர்ணம் ஆகிவிட்டார். நூறு தலைமுறை ஞாபகம் ஒரு கட்டுக் காகிதமாகி கர்ணத்தின் வீட்டுப் பரணுக்குப் போனது. 1980ல் கர்ணம், மணியம் பதவிகளை ஒழிக்கிற வரைக்கும் அந்தப் பரண்தான் கிராமத்தின் ஆவணக் காப்பகம்.

சர்வே நம்பருக்குச் சாதி கிடையாது என்றார்களே, அந்தப் பதிவேட்டைப் புரட்டிப் பாருங்கள். ஊர் இருக்கிற இடம் 'நத்தம்'. நாம் இருக்கிற இடம் 'சேரி நத்தம்'. சுடுகாடுகூடத் தனித்தனி. ஏரி, வண்டிப்பாதை, மேய்க்கால் எல்லாம் 'புறம்போக்கு'. பல கிராமங்களில் சேரி நின்ற மண்ணே மிராசுதாரர் பாத்தியதைக்குள் இருந்தது. கூலி போதவில்லை என்று வாய் திறந்தால் குடிசையைப் பிரித்துக்கொண்டு போ என்பார்கள். சரி, தரிசு நிலத்தைக் கேட்டு மனுப் போடலாம் என்றால், 'தர்காஸ்து' விதிப்படி முதல் உரிமை மிராசுதாரருக்கு. அவருக்கு அந்தத் தரிசு தேவையே இல்லை. ஆனாலும் பறையன் கேட்கிறான் என்று தெரிந்ததும் தனக்கு வேண்டும் என்று எழுதிக் கொடுத்துவிடுவார். நிலம் தரிசாகவே கிடக்கும். அவனிடம் நிலம் போனால் நம்ம வயலில் யார் இறங்குவது என்ற பயம்தான் காரணம்.

இந்த விவரங்களையெல்லாம் 1891ல் செங்கல்பட்டுக் கலெக்டர் பொறுப்பிலிருந்த திரமென்ஹீர் அறிக்கையாக எழுதி அரசுக்கு அனுப்பினார். வீட்டுமனை வேண்டும், நிலம் வேண்டும், படிப்பு வேண்டும் என்று அதில் இருக்கிறது. அவரை நாம் தெய்வமாக்க வேண்டியதில்லை. சேரி மக்கள் பட்டினியில் செத்தாலும் கப்பலேறிப் போனாலும் அரசுக்கு வரி நஷ்டம் என்ற கணக்கு வெள்ளை அதிகாரிகளுக்கு எப்போதும் உண்டு. மிஷனரிமார்களும் அந்த நேரத்தில் அழுத்தம் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். ஆனாலும் பதிவேட்டில் இல்லாததைப் பதிவேட்டின் மொழியிலேயே எழுதிக்காட்டிய அறிக்கை அது. அதன் விளைவாக 1892 செப்டம்பர் 30ல் அரசாணை 1010 வந்தது. ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கு என்று நிலம் ஒதுக்கப்பட்டது. இதைத்தான் பஞ்சமி நிலம் என்கிறோம். பத்து வருஷத்துக்கு விற்கக்கூடாது, அதற்குப் பிறகும் ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கு மட்டும்தான் விற்கலாம், மீறினால் அரசு திரும்ப எடுத்துக்கொள்ளலாம் என்பது நிபந்தனை. மாகாணம் முழுக்க 12 லட்சம் ஏக்கர் இப்படிக் கொடுக்கப்பட்டது என்று நம் இயக்கங்கள் சொல்லி வருகின்றன. இந்த நிபந்தனையை மீறிய விற்பனை செல்லாது என்று சென்னை உயர் நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. சட்டம் நம் பக்கம் இருக்கிறது. நிலம் எங்கே?

இங்கேதான் பழைய நம்பர், புது நம்பர் என்கிற விவகாரம் வருகிறது. படிக்கிறவர்கள் கொஞ்சம் சிரமம் பார்க்காமல் கவனிக்க வேண்டும், ஏனென்றால் நம்மை ஏமாற்றுகிறவர்கள் இதை நன்றாகப் படித்திருக்கிறார்கள்.

ஒரு பேச்சுக்கு, 112 என்ற சர்வே நம்பரில் ஒரு பஞ்சமி நிலம் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். பழைய பதிவேட்டில் அந்த நம்பருக்கு நேரே, குறிப்புக் கட்டத்தில், டி.சி. நிலம், நிபந்தனைக்குட்பட்டது என்று எழுதியிருக்கும். பிறகு மறு நிலவரித் திட்டம் வருகிறது. 112 உடைகிறது. 112/1, 112/2 என்று உட்பிரிவுகள். குறிப்பு ஒன்றில் வருகிறது, இன்னொன்றில் விட்டுப்போகிறது. அப்புறம் 1979 ஜூன் முதல் 1987 ஏப்ரல் வரை தமிழகம் பூராவும் யு.டி.ஆர். என்கிற நில உடைமை மேம்பாட்டுத் திட்டம் நடந்தது. ஏக்கர் போய் ஹெக்டேர் வந்தது. பழைய பதிவேட்டை ஓரங்கட்டிவிட்டுப் புதுப் பதிவேடு எழுதினார்கள். நிலம் யார் கையில் இருக்கிறதோ அவர் பெயர் ஏறியது. 1950களிலேயே ஐந்து மூட்டை நெல்லுக்கும், கல்யாணக் கடனுக்கும், சில இடங்களில் வெறும் மிரட்டலுக்கும் கை மாறிப்போன நிலம், இப்போது அதைப் பிடித்து வைத்திருந்தவர் பெயரில் முறையான பட்டா ஆனது. குறிப்புக் கட்டம் காலி. இதற்கு ஒரு கள்ளக் கையெழுத்துகூடத் தேவைப்படவில்லை. ஒரு வரியை நகல் எடுக்காமல் விட்டாலே போதும்.

அதோடு முடிந்ததா? கிராமம் நகரமாகும்போது சர்வே நம்பரே ஒழிந்துபோகும். வார்டு, பிளாக், நகர அளவை எண் என்று வேறு கணக்கு. தாம்பரத்தைப் பாருங்கள். 1931ல் மின்சார ரயில் வந்தது. 1937ல் கிறித்தவக் கல்லூரி சேலையூர்க் காட்டுக்குக் குடிவந்தது. விமானப்படை வந்தது. 2021ல் தாம்பரம், பல்லாவரம், பம்மல், அனகாபுத்தூர், செம்பாக்கம் நகராட்சிகளையும் ஐந்து பேரூராட்சிகளையும் சேர்த்து மாநகராட்சி ஆக்கினார்கள். மேலே மாவட்டமும் சும்மா இருக்கவில்லை. செங்கல்பட்டு மாவட்டம், செங்கை எம்.ஜி.ஆர். மாவட்டம், 1997ல் காஞ்சிபுரம், 2019ல் மறுபடி செங்கல்பட்டு. ஒவ்வொரு மாற்றத்துக்கும் காகிதக் கட்டுகள் ஓர் அலுவலகத்திலிருந்து இன்னொன்றுக்குப் போகின்றன. மண் இருந்த இடத்திலேயே இருக்கிறது. அதைக் கூப்பிடுகிற பெயர் மட்டும் நூறு வருஷத்தில் நாலைந்து தடவை மாறிவிட்டது. பழைய பெயரையும் புதுப் பெயரையும் இணைக்கிற ஒரே பாலம், பழைய எண் – புதிய எண் ஒப்பீட்டு அட்டவணை. அந்த அட்டவணை கையில் இல்லாதவனுக்கு 1892 என்பது சந்திர மண்டலம்.

புறநகரில் ஒரு சேரிக்காகத் தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டு அலைந்திருக்கிறேன். எந்த அலுவலகம் என்பது வேண்டாம், எல்லாம் ஒன்றுதான். பழைய நம்பரைச் சொன்னால் "அப்படி ஒரு நம்பரே இல்ல சார்" என்றார்கள். புது நம்பரைச் சொன்னால் "இது பட்டா நிலம் சார்" என்றார்கள். இரண்டும் உண்மை! அந்த ரெண்டு உண்மைக்கும் நடுவில்தான் நாலு ஏக்கர் கரைந்துபோயிருந்தது. கூட வந்திருந்த பெரியவர் அந்தக் கிராமத்தில் வெட்டியாக இருந்தவரின் மகன். வெளியே வந்து டீ குடிக்கும்போது சொன்னார்: "எங்கப்பா அந்தக் கல்லுக்கு வருஷாவருஷம் சுண்ணாம்பு அடிப்பாரு தம்பி. கல்லு எங்க இருக்குன்னு நான் காட்றேன். ஆனா அத இப்ப காம்பவுண்டுக்குள்ள வச்சி கட்டிட்டான். கேட்டு தெறப்பானா?" இப்போது பட்டாவையும் புலப்படத்தையும் எங்கிருந்தும் எந்நேரமும் கணினியில் பார்க்கலாம் என்று அறிவிப்பு இருக்கிறது. பார்க்கலாம்தான். அதில் தெரிவது இன்றைய நம்பர், இன்றைய பெயர். எங்கிருந்தும் பார்க்கலாம், எந்நேரமும் பார்க்கலாம், எந்தக் காலத்தையும் பார்க்க முடியாது. வில்லங்கச் சான்றும் அப்படியே. எந்த நம்பரைக் கொடுத்துத் தேடுகிறோமோ அந்த நம்பருக்கு உள்ள வில்லங்கம்தான் வரும். நமக்கு நடந்த வில்லங்கம் பழைய நம்பரில் இருக்கிறது.

இந்தத் தேடலை ஒரு கிராமமே சேர்ந்து நடத்தியது காரணையில். பஞ்சமி நிலத்தை மீட்க மக்கள் அங்கே இறங்கினார்கள், அம்பேத்கர் சிலையை நட்டார்கள். லாம்டன் சங்கிலி போட்டார், அதிகாரிகள் கல் நட்டார்கள். நம் மக்களுக்குத் தெரிந்த எல்லைக்கல் அதுதான். சிலை அகற்றப்பட்டது. அதை எதிர்த்துச் செங்கல்பட்டில் திரண்ட கூட்டத்தின்மேல் 1994 அக்டோபர் 10ல் போலீஸ் சுட்டது. ஜான் தாமஸ், ஏழுமலை இருவரும் இறந்தார்கள். திரமென்ஹீர் அறிக்கை எழுதிய அதே செங்கல்பட்டில், சரியாக 103 வருஷம் கழித்து. பஞ்சமி நிலம் என்ற சொல் தமிழ்நாட்டுப் பத்திரிகைகளில் பரவலாக அச்சேறியது அதற்குப் பிறகுதான். அதுவரை அது பழைய பதிவேட்டின் குறிப்புக் கட்டத்தில் மட்டும் இருந்த சொல்.

இனி அந்த ஏழரை மைல் கோட்டின் தெற்கு முனைக்குப் போவோம். 1802ல் சங்கிலி போய் முடிந்த பெரும்பாக்கத்தில் இன்றைக்கு எட்டு மாடிக் கட்டடங்கள் வரிசை வரிசையாக நிற்கின்றன. கூவம் கரையிலிருந்தும் அடையாற்றங் கரையிலிருந்தும் பெயர்க்கப்பட்ட மக்களுக்கான மறுகுடியமர்வு வீடுகள், சுமார் 20 ஆயிரம். கண்ணகி நகர், செம்மஞ்சேரி, அதற்குப் பிறகு இது. 2015 டிசம்பர் வெள்ளத்தைக் காரணம் காட்டி வேகவேகமாக ஆட்களை ஏற்றிக்கொண்டு வந்து இறக்கினார்கள். இறக்கிய இடமோ பள்ளிக்கரணைச் சதுப்பின் ஓரம். வெள்ளத்திலிருந்து காப்பாற்றி வெள்ளம் தேங்குகிற பள்ளத்துக்குக் கொண்டுவந்திருக்கிறார்கள். அந்தச் சதுப்பும் பதிவேட்டில் ஒருகாலத்தில் கழுவெளி, தரிசு என்று எழுதப்பட்டதுதான். தரிசு என்று எழுதியதால் குப்பை கொட்டலாம், கம்பெனி கட்டலாம் என்று ஆனது.

இவர்களில் பெரும்பகுதி தலித்துகள். கூவம் கரையில் மூன்று தலைமுறை இருந்தபோது அவர்கள் நின்ற இடத்துக்குப் பதிவேட்டில் 'நீர்நிலைப் புறம்போக்கு' என்று பெயர். அவர்களுக்கு 'ஆக்கிரமிப்பாளர்' என்று பெயர். அந்தக் கரைக்கு அவர்களுடைய பாட்டன்மார் எங்கிருந்து வந்தார்கள்? கணிசமான பேர் இதே செங்கல்பட்டு, ஆற்காட்டுச் சீமைச் சேரிகளிலிருந்து, நிலம் போனதாலோ நிலமே இல்லாததாலோ பட்டணத்துக்குப் பிழைக்க வந்தவர்கள். பெரும்பாக்கத்தில் அவர்களுடைய விலாசம் பிளாக் நம்பர், மாடி, கதவு நம்பர். காலடியில் மண் இல்லை, எட்டாவது மாடியில் சர்வே நம்பரும் இல்லை. அங்கே சில பிள்ளைகளுக்குச் சாயங்காலம் பாடம் சொல்லித்தரப் போகும் தோழர்கள் இருக்கிறார்கள். அவர்களிடம் ஒன்று கேட்டிருக்கிறேன்: வீட்டில் இருக்கிற கிழவிகளிடம் அவர்கள் கல்யாணமாகி வந்த ஊர், அதற்கு முன்னால் பிறந்த ஊர், அங்கே ஏரி எந்தப் பக்கம், களம் எந்தப் பக்கம், சுடுகாட்டுக்கு எந்த வழி என்று கேட்டு எழுதச் சொல்லுங்கள். நாழிகைவழிக் கணக்கிலேயே சொல்லட்டும். அந்த நோட்டுகளோடு எழும்பூர் ஆவணக் காப்பகத்துக்கும் செங்கல்பட்டுக்கும் போய்ப் பழைய பதிவேடுகளைக் கேட்போம். இதுவரை ஏழு நோட்டுகள் வந்திருக்கின்றன.